ஒரோமோ இரங்கல் பாடல்கள்: புதிதாகக் கேட்கத் தொடங்குபவர்களுக்கு

எத்தியோப்பியப் பாட்டு என்றால் பலருக்கும் முதலில் கிடைப்பது அம்ஹாரிய மொழிப் பாட்டுதான். ஆனால் 2007ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அந்நாட்டு மக்களில் 34.5 விழுக்காட்டினர் ஒரோமோக்கள். அதைவிடப் பெரிய இனம் அங்கே வேறில்லை. எல்லையைத் தாண்டி வடக்குக் கென்யாவிலும் ஒரோமோ பேசும் மக்கள் வாழ்கிறார்கள். இவர்களுடைய சாவுப்பாட்டு மரபு ஆழமானது. அதற்குள் நுழைய விரும்பும் தமிழ் வாசகர் எதை முதலில் செய்யலாம், எங்கே இடறி விழுவார் என்பதைப் படிப்படியாகச் சொல்ல முயல்கிறேன்.

தொடங்கும் முன் ஒன்று. இந்தப் பாடல்களில் பொருளைத் தேடும் முன் ஆளைத் தேடுங்கள். யார் பாடுகிறார், யாரைப் பார்த்துப் பாடுகிறார், சுற்றி நின்று கேட்பவர்கள் யார்? இந்த மூன்றும் தெரியாமல் வரிகளை மட்டும் வாசித்தால் அழகான சோக வரிகள் கிடைக்கும், பாட்டு கிடைக்காது. துக்கத்தை வெளிப்படுத்துவதோடு இந்தப் பாட்டின் வேலை முடிவதில்லை. இறந்தவரிடம் பேசுவது, ஊருக்கு அவரை அறிவிப்பது, உயிரோடு இருப்பவர்களிடம் கணக்குக் கேட்பது என்று பல காரியங்களை அது செய்கிறது. கீழே வரும் ஒவ்வொரு படியும் இந்தக் கேள்வியைத்தான் சுற்றி வரும்.

படி 1: எந்தப் பகுதி என்று கேளுங்கள்

"ஒரோமோ பாட்டு" என்று பொதுவாகச் சொல்லப்படும் எதையும் அப்படியே ஏற்காதீர்கள். மேற்கே வொல்லெகாவிலும் ஜிம்மாவிலும் மெச்சா ஒரோமோ, நடுவே ஷேவாவில் துலமா, தெற்கே அர்சி, குஜி, போரானா, கிழக்கே ஹரர்கே பகுதியில் இத்தூ, அஃப்ரன் கல்லோ என்று பிரிவுகள் பல. பேச்சு ஒன்றுதான் என்றாலும் வழக்கு மாறும். வாழ்க்கை அதைவிட மாறும். ஷேவாவின் மேட்டு நிலத்தில் வாற்கோதுமையும் தெஃப் தானியமும் விளைவிக்கும் உழவர் வீட்டுச் சாவும், போரானா மேய்ச்சல் நிலத்தில் மாட்டுக் கிடையில் நிகழும் சாவும் ஒரே படிமங்களைக் கொண்டு வராது. ஒரு பதிவு கையில் கிடைத்தால், முதல் வேலையாக அதன் பக்கத்தில் ஊரையும் பிரிவையும் எழுதி வையுங்கள். தெரியவில்லையென்றால் அந்த இடத்தை வெறுமையாக விடுங்கள். ஊகித்து நிரப்ப வேண்டாம்.

படி 2: வகைகளைப் பிரித்துக் கேளுங்கள்

பாட்டுக்கு ஒரோமோ மொழியில் பல பெயர்கள் உண்டு. எல்லாவற்றையும் மனப்பாடம் செய்யத் தேவையில்லை. இரங்கலோடு தொடர்புள்ள சிலவற்றைத் தெரிந்துகொண்டால் போதும்.

'போஇச்சா' என்றால் அழுகை. சாவு வீட்டு அழுகையும் அதோடு சேர்ந்து வரும் பாட்டும் இந்தச் சொல்லுக்குள் அடங்கும். இதைப் பெரும்பாலும் பெண்களே பாடுகிறார்கள். ஒருத்தி எடுத்துக் கொடுப்பாள், மற்றவர்கள் ஏற்றுப் பாடுவார்கள். கூட்டத்தில் நன்றாகப் பாடத் தெரிந்தவள் யார் என்பது ஊருக்குத் தெரிந்திருக்கும்.

'கேரர்சா' ஆண்களின் பாட்டு. யானை, சிங்கம், எருமை போன்ற பெரிய விலங்கையோ போரில் எதிரியையோ வீழ்த்தியவன் தன் செயலைச் சொல்லிப் பாடும் வீரப்பாட்டாக இது இருந்தது. அப்படி எதுவும் செய்யாதவனுக்கு அதைப் பாட உரிமை இல்லை. பெயர்பெற்ற வீரன் இறந்தபோது அவன் செய்தவற்றைச் சொல்ல இதே வடிவம் பயன்பட்டது. இருபதாம் நூற்றாண்டில் கேரர்சா நிறைய மாறியது. வறுமை, சிறை, நிலத்தை இழந்தது, நாட்டைவிட்டுப் போனது என்று எல்லாம் அதற்குள் வந்தன. இன்று கேட்கக் கிடைக்கும் கேரர்சாக்களில் பாதி பெருமிதம், பாதி புலம்பல் என்று சொல்லத்தக்கவை ஏராளம். புதிதாகக் கேட்பவர்கள் அந்த வேகத்தையும் உரத்த குரலையும் வைத்து இது வெறும் வீரப்பாட்டு என்று ஒதுக்கிவிடுகிறார்கள். ஒதுக்காதீர்கள். ஒரோமோ ஆண்கள் தங்கள் இழப்பைச் சொன்ன இடம் பெரும்பாலும் இதுதான்.

'ஃபாரூ' புகழ்ப்பாட்டு, வழிபாட்டுப் பாட்டு. 'வேட்டூ' பொதுவான பாட்டு, காதல் பாட்டும் அதில் சேரும். 'வலலோ' என்பது கவிதைக்கான சொல். எழுதப்பட்ட இரங்கல் கவிதைகளை இந்தப் பெயரில்தான் தேட வேண்டும்.

ஒப்பாரியும் கையறுநிலையும் அறிந்த நமக்கு, போஇச்சாவை ஒப்பாரி என்றும் கேரர்சாவைக் கையறுநிலை என்றும் பெயர் மாற்றி வைத்துவிடத் தோன்றும். அந்த வசதியை மறுத்துவிடுங்கள். கேரர்சாவில் பாடுபவன் தன்னைப் பற்றியும் பேசுகிறான். புலவன் மன்னனை இழந்து பாடும் நிலைக்கும் அதற்கும் உள்ள தூரம் பெரிது.

படி 3: சாவு வீட்டின் ஒழுங்கைத் தெரிந்துகொள்ளுங்கள்

பாட்டு எந்த நேரத்தில் வருகிறது என்று தெரிந்தால்தான் அது என்ன செய்கிறது என்று புரியும். ஆகவே இந்தப் படியில் கொஞ்சம் நின்று போவோம்.

முதலில் வருவது கூக்குரல். ஆபத்தை அறிவிக்கும் கூக்குரலுக்கு 'இய்யா' என்று பெயர். சாவு நிகழ்ந்த வீட்டிலிருந்து எழும் குரலைக் கேட்டதும் அக்கம்பக்கத்தார் கையில் இருந்த வேலையைப் போட்டுவிட்டு வருவார்கள். அந்தக் குரலே ஊருக்குச் செய்தி.

பிறகு கூட்டம் சேர்கிறது. இங்கே ஒரு நிறுவனத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஹரர்கே பகுதியில் 'அஃபோஷா' என்றும், எத்தியோப்பிய நகரங்களில் பரவலாக 'இத்திர்' என்றும் அழைக்கப்படும் அண்டை வீட்டார் சங்கங்கள் உண்டு. உறுப்பினர்கள் அவ்வப்போது பணம் கட்டி வருவார்கள். ஒரு வீட்டில் சாவு என்றால் கூடாரம், பெஞ்சு, சமையல் பாத்திரம், அடக்கச் செலவு எல்லாவற்றையும் சங்கம் பார்த்துக்கொள்ளும். வராமல் இருப்பது பெரிய குறை. பாட்டைக் கேட்க ஒரு கூட்டம் எப்போதும் இருப்பதற்கு இந்த ஏற்பாடும் ஒரு காரணம். அங்கே துக்கம் தனியறையில் நிகழ்வதில்லை. பாடுபவளுக்கு எதிரே அந்த ஊரே உட்கார்ந்திருக்கிறது.

பெண்களின் பாட்டில் இறந்தவரை நேரே விளித்துப் பேசும் வரிகள் நிறைய வரும். "யா ஹாதா கோ" என்றால் 'என் தாயே', "யா அப்பா கோ" என்றால் 'என் தந்தையே', "யா இல்மா கோ" என்றால் 'என் மகனே'. 'கோ' என்பது 'என்' என்ற பொருளில் பெயருக்குப் பின்னால் வரும். 'வய்யோ' என்பது வேதனையின் கூவல். ஒரு பதிவைக் கேட்கும்போது இந்த நாலைந்து ஒலிகளைப் பிடித்துவிட்டாலே, பாடுபவளுக்கு இறந்தவர் என்ன உறவு என்பது தெரிந்துவிடும். அது தெரிந்ததும் பாட்டின் மற்ற வரிகள் தம் இடத்தில் அமரத் தொடங்கும். தாயை இழந்த மகள் கேட்கும் கேள்வியும் மருமகள் கேட்கும் கேள்வியும் ஒன்றாக இருக்க முடியாது அல்லவா?

அதன் பிறகு கேள்விகள். 'இனி யார்?' என்ற கேள்வி பல வடிவில் திரும்பத் திரும்ப வரும். இதன் போக்கை விளக்க நானே தமிழில் இரண்டு வரி கட்டிப் பார்க்கிறேன். இது எந்த ஒரோமோ பாட்டின் மொழிபெயர்ப்பும் அல்ல, வடிவம் தெரிவதற்காக மட்டும்:

கன்று கத்துது, அவிழ்த்துவிட யாரிருக்கா?
சண்டை மூளுது, விலக்கிவிட யாரிருக்கா?

முதல் வரி வீட்டுக்குள் நிற்கிறது, இரண்டாம் வரி ஊருக்கு வந்துவிட்டது. ஒரோமோக்களிடம் பெரியவர்கள் கூடிச் சச்சரவைத் தீர்க்கும் 'ஜார்சும்மா' என்ற முறை உண்டு. இறந்தவர் அப்படித் தீர்த்துவைக்கும் பெரியவர் என்றால், அவர் இல்லாத குறை ஊர்க்குறை. இதைச் சுற்றியிருக்கும் எல்லார் காதிலும் விழும்படி சொல்வதுதான் பாடுபவளின் வேலை.

அடக்கத்துக்குப் பின்னும் ஆட்கள் வந்துகொண்டே இருப்பார்கள். தூரத்து உறவினர் பல நாள் கழித்து வந்தாலும் அவரைக் கண்டதும் அழுகை மீண்டும் எழும். ஆகவே ஒரே சாவுக்குப் பல முறை பாட்டு எழலாம். பதிவு எடுத்தது எந்தக் கட்டத்தில் என்று கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது.

படி 4: காதைத் தயார் செய்யுங்கள்

இங்கே தமிழருக்கு ஒரு நல்ல வாய்ப்பு இருக்கிறது. ஒரோமோ மொழி குறில் நெடில் வேறுபாட்டைக் கறாராகக் காக்கும் மொழி. 'ஹர' என்றால் ஏரி, 'ஹாரா' என்றால் புதியது. மெய் இரட்டிப்பதும் பொருளை மாற்றும். 'பதா' என்றால் கெட்டது, 'பத்தா' என்றால் மேட்டு நிலம். நம் காதுக்கு இது பழகிய வேலை.

எழுத்தில்தான் சிக்கல். 1991 நவம்பரில் 'கூபே' எனப்படும் லத்தீன் எழுத்து முறை அதிகாரபூர்வமாக ஏற்கப்பட்டது. ஆங்கிலப் பழக்கத்தில் அதை வாசித்தால் தவறிவிடும். எக்ஸ் என்று நாம் படிக்கும் எழுத்து அங்கே குரல்வளையை இறுக்கி வெடிக்கவிடும் ஒரு 'த'. கியூ அதே விதத்தில் ஒரு 'க'. சி அதே விதத்தில் ஒரு 'ச்ச'. உயிர் இரட்டித்து எழுதப்பட்டால் நெடில். மேலே ஒற்றை மேற்கோள் குறி போல ஒரு கோடு வந்தால், அந்த இடத்தில் தொண்டை ஒரு கணம் அடைத்துத் திறக்கும். போஇச்சாவில் 'போ'வுக்கும் 'இ'க்கும் நடுவில் இருப்பது அதுதான். இவ்வளவும் ஓரிரு வாரத்தில் பழகிவிடக்கூடியவை. இந்தக் கட்டுரையின் தமிழ் எழுத்துகள் அந்த ஒலிகளுக்கு முழுமையாக ஈடாகாது. ஆகவே கேட்டே பழகுங்கள்.

இலக்கணத்தில் ஒன்றை மட்டும் முன்கூட்டியே அறிந்துகொள்ளுங்கள். தமிழைப் போலவே வினை வாக்கியத்தின் கடைசியில் வரும். இறந்தகாலத்தில் 'நான் போனேன்', 'அவன் போனான்' இரண்டுக்கும் வினை 'தேமே' என்ற ஒரே வடிவில் நிற்கும். முன்னால் வரும் சொல்லோ ஒரு சிறு ஒட்டோதான் வேறுபாட்டைக் காட்டும். இரங்கல் பாட்டில் 'பதே' என்று வரும், தொலைந்தேன் என்றும் தொலைந்தான் என்றும் பொருள்படும். தொலைந்தது இறந்தவனா, பாடுபவளா? சூழலைப் பார்த்தே முடிவு செய்ய வேண்டும். அவசரப்பட்டு ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் பாட்டு முழுக்கத் திசை மாறிவிடும்.

படி 5: இரண்டிரண்டு வரியாகக் கேளுங்கள்

ஒரோமோ வாய்மொழிப் பாட்டில் இரண்டு வரிகள் ஒரு கண்ணி போலச் சேர்ந்து நிற்பது மிகப் பரவலான அமைப்பு. முதல் வரியில் ஓர் ஆறு, ஒரு மலை, ஒரு பயிர், ஒரு விலங்கு வரும். இரண்டாம் வரியில் சொல்ல வந்த செய்தி வரும். இரண்டையும் கட்டுவது ஓசை. பல சமயம் முதல் வரிக்கும் இரண்டாம் வரிக்கும் பொருள் தொடர்பே இருக்காது, ஓசைக்காகவே முதல் வரி வந்திருக்கும். சில சமயம் தொடர்பு இல்லாதது போலத் தோன்றி, பிறகு புலப்படும். மறுபடியும் என் சொந்த வரிகளில் காட்டுகிறேன்:

மேட்டுக் காட்டில் வாற்கோதுமை முற்றிப் போச்சு
வீட்டுக்குள்ளே பேச்சுக்குரல் வற்றிப் போச்சு

புதிதாக மொழிபெயர்ப்பவர்கள் முதல் வரியைக் குறியீடாக்கி விளக்கம் எழுதத் துடிக்கிறார்கள். வாற்கோதுமை முற்றியது வாழ்வு நிறைவடைந்ததன் அடையாளம் என்று ஒரு பத்தி எழுதிவிடுவார்கள். அது வெறும் ஓசைத் துணையாகவும் இருக்கலாம். அறுவடைக் காலத்தில் நிகழ்ந்த சாவு என்பதால் உண்மையான வாற்கோதுமையாகவும் இருக்கலாம். பாடியவரிடமோ அந்த ஊராரிடமோ கேட்க முடிந்தால் கேளுங்கள். முடியாதபோது இரண்டு வரிகளையும் அருகருகே வைத்து விட்டுவிடுங்கள். வாசகர் பார்த்துக்கொள்வார்.

ஒரே வாக்கிய அமைப்பைத் திரும்பச் சொல்லி ஒரு சொல்லை மட்டும் மாற்றுவதும் இந்தப் பாடல்களில் மிகுதி. எழுதும்போது 'ஒரே மாதிரி இருக்கிறதே' என்று அவற்றைச் சுருக்காதீர்கள். திரும்பச் சொல்வதில்தான் கூட்டம் சேர்ந்து பாட இடம் கிடைக்கிறது.

படி 6: பெயர்களையும் படிமங்களையும் குறித்து வையுங்கள்

ஒரோமோ வீரர்களுக்குக் குதிரைப் பெயர் உண்டு. 'அப்பா' என்ற சொல்லுக்குத் தந்தை என்ற பொருளோடு உடையவர் என்ற பொருளும் இருக்கிறது. அதன் பின்னால் அவருடைய குதிரையின் பெயர் வரும். 1878 முதல் 1932 வரை ஜிம்மாவை ஆண்ட இரண்டாம் அப்பா ஜிஃபாரின் பெயர் அப்படி வந்ததுதான். ஆகவே இரங்கல் பாட்டில் திடீரென்று ஒரு குதிரையின் பெயர் வந்தால், குதிரையைப் பற்றிப் பாடுகிறார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். இறந்தவரையே அழைக்கிறார்கள். பெரிய மனிதர்களின் சாவில் அலங்கரித்த குதிரையும் ஈட்டியும் கேடயமும் கூட்டத்துக்கு நடுவே கொண்டுவரப்படும் வழக்கமும் இருந்தது. அர்சி, கர்ரயூ பகுதிகளின் கல்லறைகளைப் பாருங்கள். செதுக்கியும் வண்ணம் தீட்டியும் குதிரை வீரர்களையும் ஆயுதங்களையும் மாடுகளையும் அவற்றில் காட்டியிருக்கிறார்கள். பாட்டில் கேட்பதையே கல்லில் பார்க்கலாம். இந்த இரண்டையும் சேர்த்து அணுகுவது எனக்கு மிகவும் பிடித்த வழி.

'ஓதா' என்பது அத்தி வகையைச் சேர்ந்த பெரிய நிழல்மரம். எட்டாண்டுக்கு ஒரு முறை பொறுப்பு கைமாறும் கதா ஆட்சிமுறையின் கூட்டங்கள் இந்த மரத்தடியில்தான் நடந்தன. ஓதா நபே, ஓதா ரோபா, ஓதா புல்தும், ஓதா பிசில், ஓதா புல்லுக் என்ற இடங்கள் அதனால் புகழ்பெற்றவை. யுனெஸ்கோ 2016இல் கதா முறையைத் தன் பட்டியலில் சேர்த்தது. ஒரு பெரியவர் சாவில் ஓதா மரம் பேசப்பட்டால் நிழலைவிடப் பெரிய ஒன்று, கூடிப் பேசும் இடம், நினைவுக்கு வருகிறது.

நிறங்களில் கவனம் தேவை. கறுப்பு என்றதும் துக்கம் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். வானில் உறையும் கடவுளுக்கு 'வாக்கா' என்று பெயர். அவரை 'வாக்கா குர்ராச்சா', கரிய வாக்கா என்று போற்றுவார்கள். மழை கொண்டு வரும் கருவானத்தின் புனிதம் அதில் இருக்கிறது. பச்சைப் புல் சமாதானத்துக்கும் நன்றிக்கும் உரியது. பால் வாழ்த்துக்கு உரியது. இவை சாவுப் பாட்டில் வந்தால் அலங்காரமாக வருவதில்லை, இழந்தது என்ன என்று சொல்ல வருகின்றன.

படி 7: மதம் எங்கே தொடுகிறது என்று பாருங்கள்

ஒரோமோக்களில் முஸ்லிம்களும் கிறித்தவர்களும் உண்டு, 'வாக்கேஃபன்னா' என்ற மூதாதையர் சமயத்தைப் பின்பற்றுபவர்களும் உண்டு. ஹரர்கே, பாலே, ஜிம்மா பகுதிகளில் இஸ்லாம் வலுவானது. ஷேவாவில் ஆர்த்தடாக்ஸ் திருச்சபை. வொல்லெகாவில் புராட்டஸ்டன்ட் சபைகள். உரத்த குரலில் புலம்புவதைச் சமயப் பெரியவர்கள் பல இடங்களில் தடுத்திருக்கிறார்கள். அங்கெல்லாம் பழைய பாட்டின் இடத்தில் தொழுகையோ ஞானப்பாட்டோ வந்திருக்கிறது. ஒரு ஊரில் போஇச்சா கேட்கவில்லை என்றால் மரபே இல்லை என்று முடிவு கட்ட வேண்டாம். பாட்டிமார்களிடம் கேளுங்கள்.

படி 8: பழைய பதிவுகளைத் தேடுங்கள்

எத்தியோப்பியப் பேரரசர் ஹைலே செலாசியின் ஆட்சிக்காலத்தில், 1974 வரை, ஒரோமோ மொழியில் அச்சிடுவதற்கு நாட்டுக்குள் இடம் தரப்படவில்லை. ஆகவே பழைய பதிவுகளில் பல நாட்டுக்கு வெளியே இருக்கின்றன. அவற்றைச் சேர்த்தவர்களின் கதையே ஒரு பெரும் இழப்பின் கதை.

ஒனெசிமோஸ் நெசிப் (ஏறத்தாழ 1856–1931) சிறுவயதில் அடிமையாக விற்கப்பட்டவர். செங்கடல் துறைமுகமான மஸ்ஸாவாவில் விடுதலை பெற்றார். பின்னாளில் விவிலியத்தை ஒரோமோவில் மொழிபெயர்த்தார். முழு நூல் 1899இல் சுவிட்சர்லாந்தில் அச்சானது. அவரோடு உழைத்த அஸ்தெர் கன்னோவும் (ஏறத்தாழ 1872–1964) அடிமைத்தளையிலிருந்து விடுவிக்கப்பட்ட பெண். வாய்மொழிப் பாட்டு, கதை, பழமொழி, விடுகதை என்று ஐந்நூறு அளவில் தன் நினைவிலிருந்தும் பிறரிடமிருந்தும் திரட்டினார். அவற்றில் ஒரு பகுதி 1894இல் இருவரும் வெளியிட்ட பாடநூலில் இருக்கிறது. வீட்டையும் ஊரையும் இழந்த ஒரு பெண், வேற்று நிலத்தில் உட்கார்ந்து, தன் மக்களின் பாட்டுகளை எழுதி வைத்திருக்கிறாள். ஒரோமோ இலக்கியத்தைப் பற்றிப் பேசும்போது அவர் பெயரை முதல் வரிசையில் சொல்ல வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன்.

இத்தாலிய அறிஞர் என்ரிகோ செருல்லியின் தொகுப்பு ஹார்வர்டிலிருந்து 1922இல் வெளிவந்தது. லொரன்சியோஸ் என்ற ஒரோமோவிடம் கேட்டு எழுதப்பட்ட பாடல்கள் அதில் நிறைய உண்டு. ஆங்கில மொழிபெயர்ப்போடு மூல வரிகளும் இருப்பதால் தொடக்க வாசகருக்கு மிகவும் பயன்படும். ஆனால் அவர் கையாண்ட எழுத்து முறை இன்றைய கூபே அல்ல, மாற்றி எழுதிக்கொள்ள வேண்டியிருக்கும். இன்னொன்றும் நினைவில் இருக்கட்டும். அந்தக் காலத்து நூல்களும் நூலகப் பட்டியல்களும் ஒரோமோக்களைக் 'கல்லா' என்று குறிக்கின்றன. அவர்கள் அவமதிப்பாகக் கருதும் பெயர் அது. பட்டியலில் தேடுவதற்கு மட்டும் அந்தச் சொல்லைப் பயன்படுத்துங்கள், உங்கள் எழுத்தில் வேண்டாம்.

கிழக்குப் பகுதிக்கு ஷேக் பக்ரி சபாலோ (1895–1980) முக்கியமானவர். ஒரோமோவில் கவிதை எழுதியவர், 1956இல் அம்மொழிக்கென்றே ஓர் எழுத்து முறையை உருவாக்கியவர். சோமாலியாவில் அகதியாக இறந்தார்.

படி 9: ஒரு வீட்டின் துக்கம் ஊரின் துக்கமாகும் இடத்தைக் கவனியுங்கள்

இந்தப் படியைத் தவிர்த்துவிட்டு ஒரோமோ இரங்கல் பாட்டைப் புரிந்துகொள்ள முடியாது.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், ஷேவாவை ஆண்டு பின்னர் எத்தியோப்பியப் பேரரசரான மெனெலிக்கின் படைகள் தெற்கு நோக்கி விரிந்தன. 1886இல் அர்சி நிலத்தில் ஆனோலே என்ற இடத்தில் மக்களின் கைகளும் பெண்களின் மார்புகளும் வெட்டப்பட்டதாக ஒரோமோ வாய்மொழி நினைவு சொல்கிறது. அதன் நினைவுச்சின்னம் 2014இல் திறக்கப்பட்டபோது எத்தியோப்பியாவுக்குள்ளேயே கடும் வாதம் எழுந்தது. 1887 ஜனவரியில் ஹரர்கே பகுதியின் சலன்கோவில் நடந்த போரில் பலர் மடிந்தனர். இந்த இரண்டு ஊர்ப் பெயர்களும் புதிய பாட்டுகளில் இன்றும் வருகின்றன. வரும்போது விளக்கம் தரமாட்டார்கள். கேட்பவருக்குத் தெரியும் என்பது பாடுபவருக்குத் தெரியும்.

2016 அக்டோபர் 2 அன்று பிஷோஃப்துவில், ஹோரா அர்சதி ஏரிக்கரையில் நடந்த இர்ரேச்சா நன்றித் திருவிழாவில் போலீசார் கண்ணீர்ப்புகை வீசியதைத் தொடர்ந்து நெரிசலில் பலர் இறந்தார்கள். ஐம்பதுக்கு மேல் என்று அரசே ஒப்புக்கொண்டது. எதிர்த்தரப்பினர் சொன்ன எண்ணிக்கை அதைவிட மிக அதிகம். பச்சைப் புல்லை ஏந்தி நன்றி சொல்ல வந்தவர்கள் இறந்ததால், அதன் பின் எழுந்த பாட்டுகளில் ஏரியும் புல்லும் வேறு கனம் பெற்றன. அதே படிமம் 2016க்கு முன் என்ன சொன்னது, பின் என்ன சொல்கிறது என்று இரண்டு பாட்டுகளை வைத்து ஒப்பிட்டுப் பாருங்கள். தொடக்க நிலையில் செய்யத்தக்க மிக நல்ல பயிற்சி இது.

அடுத்தது ஹச்சாலு ஹுன்தேசா. அம்போவில் பிறந்த பாடகர், இளம்வயதிலேயே ஐந்தாண்டு சிறையிருந்தவர். 2020 ஜூன் 29 இரவு அடிஸ் அபாபாவில் சுட்டுக் கொல்லப்பட்டார். உடல் அம்போவுக்குப் புறப்பட்டது. தலைநகரிலேயே அடக்கம் செய்ய வேண்டும் என்று கூட்டத்தார் வழிமறித்தனர், உடல் திரும்பக் கொண்டுவரப்பட்டது. கடைசியில் ஜூலை 2 அன்று அம்போவில் அடக்கம் நடந்தது. அந்த நாட்களில் நாட்டின் பல இடங்களில் வன்முறையில் நூற்றுக்கு மேற்பட்டோர் உயிரிழந்தனர். இணையம் வாரக்கணக்கில் முடக்கப்பட்டது. அவருக்காக எழுந்த இரங்கல் பாடல்களைக் கேட்கும்போது நம் மூன்று கேள்விகளையும் மறுபடி கேளுங்கள். தாயின் இடத்திலிருந்து பாடுபவர் ஒருவர். நண்பனின் இடத்திலிருந்து பாடுபவர் இன்னொருவர். நாட்டின் பெயரால் பாடுபவரும் உண்டு. இறந்தவரிடம் சிலர் பேசுகிறார்கள், கொன்றவர்களிடம் சிலர் பேசுகிறார்கள், ஆட்சியாளர்களிடம் சிலர் பேசுகிறார்கள். வரிகள் ஒன்றுபோல் இருந்தாலும் பேச்சு வேறு.

எல்லாப் பொதுத்துக்கமும் அரசியல் கொலையின் பின்னால் வருவதில்லை. 1960களின் தொடக்கத்தில் திரே தாவாவின் அஃப்ரன் கல்லோ இசைக்குழுவில் பாடத் தொடங்கிய அலி பிர்ரா 2022 நவம்பர் 6 அன்று மறைந்தபோது, நிறைவாக வாழ்ந்த பெரியவருக்கு விடைகொடுக்கும் தொனி பாடல்களில் கேட்டது. ஹச்சாலுவுக்கும் அலி பிர்ராவுக்கும் பாடப்பட்டவற்றை அடுத்தடுத்துக் கேட்டால், அகால மரணத்தையும் முதிர்ந்த மரணத்தையும் இந்த மரபு எப்படிப் பிரித்துப் பாடுகிறது என்பது மொழி சரியாகத் தெரியாதவர்களுக்குக்கூடக் கேட்கும்.

படி 10: தமிழில் எழுதும்போது

வினை கடைசியில் வருவதால் வரியின் ஓட்டத்தைப் பெரும்பாலும் அப்படியே தமிழுக்குக் கொண்டுவரலாம். உறவுச் சொல்லை ஒருபோதும் விட்டுவிடாதீர்கள். 'தாயே' என்று விளித்திருந்தால் 'அவள்' என்று எழுதக் கூடாது. ஊர்ப் பெயரையும் குதிரைப் பெயரையும் ஆற்றின் பெயரையும் தமிழாக்க வேண்டாம். கிபே கிபேயாகவே இருக்கட்டும், அவாஷ் அவாஷாகவே ஓடட்டும். நம் ஒப்பாரியில் வரும் தங்கக் குடம், பொன்னூஞ்சல், பட்டு மெத்தை எதையும் உள்ளே நுழைக்காதீர்கள். கை தானாக அங்கே போகும், அதுதான் ஆபத்து. ஒவ்வொரு பாட்டின் தலைப்பிலும் பாடியவர் ஆணா பெண்ணா, இறந்தவருக்கு என்ன உறவு, எந்தப் பகுதி, எந்தச் சூழல் என்று ஒரு வரி எழுதுங்கள். அந்த ஒரு வரி நூறு அடிக்குறிப்புக்குச் சமம்.

படி 11: ஆட்களோடு பழகும்போது

மினியாபொலிஸ் போன்ற நகரங்களில் ஒரோமோக்கள் பெரிய எண்ணிக்கையில் வாழ்கிறார்கள். அங்கோ வேறெங்கோ உங்களுக்கு ஓர் ஒரோமோ நண்பர் இருந்து, அவர் வீட்டில் துக்கம் நேர்ந்தால், பாட்டு கேட்கப் போகாதீர்கள். ஆறுதல் சொல்லப் போங்கள். "ரப்பி இசின் ஹா ஜஜ்ஜபேசு" என்றால் 'கடவுள் உங்களுக்குத் திடம் தரட்டும்' என்று பொருள். ரப்பி என்ற இடத்தில் வாக்கேஃபன்னா வழியினரும் கிறித்தவர்கள் பலரும் 'வாக்னி' என்பார்கள். அந்த வீட்டார் எப்படிச் சொல்கிறார்கள் என்று கேட்டுவிட்டு அப்படியே சொல்லுங்கள். இளையவரானாலும் ஒருவரோடு பேசும்போதும் மரியாதைப் பன்மையிலேயே சொல்வது பொருத்தம். போய் உட்காருங்கள். சாப்பிடச் சொன்னால் மறுக்காதீர்கள்.

அலைபேசியை வெளியே எடுக்க வேண்டாம். துக்கம் ஆறி, மாதங்கள் கழிந்த பிறகு, 'அன்று உங்கள் பெரியம்மா பாடினாரே, அதைப் பற்றிச் சொல்வீர்களா' என்று கேட்கலாம். சொன்னால் எழுதிக்கொள்ளுங்கள். வெளியிடுவதற்குத் தனியாக அனுமதி கேளுங்கள், எழுதியதைக் கொண்டுபோய் வாசித்துக் காட்டுங்கள். பெயர் போட வேண்டாம் என்று அவர் சொல்லக்கூடும். அரசியல் சாவு என்றால் ஊரில் இருக்கும் உறவினருக்கு அதனால் தொல்லை வர வாய்ப்பு இருக்கிறது. அப்படியானால் பெயரை மட்டுமல்ல, ஊரையும் ஆண்டையும் சேர்த்து நீக்கிவிட்டுத்தான் வெளியிட வேண்டும். படி 1இல் எழுதி வைத்த குறிப்பு உங்கள் நோட்டில் மட்டும் இருக்கட்டும்.